காத்திருக்கத் தெரியாத ஆள் தேவை

என் சித்தி காலமந்திரம் படித்தவள். இதை யாரிடம் சொன்னாலும் அடுத்த கேள்வி, "அப்ப நேத்துக்குப் போயிட்டு வரலாமா?" என்பதுதான். முடியாது. நாளைக்கும் போக முடியாது. "நேத்து என்ன பஸ் ஸ்டாப்பா, இறங்கி ஏறுறதுக்கு?" என்பாள் சித்தி. கேட்டவர் முகம் தொங்கிப்போகும்.

அவள் படித்தது தேங்கிய நேரத்தைப் பற்றி. பள்ளத்தில் தண்ணீர் தேங்குவது போல, ஆட்கள் வருஷக்கணக்கில் காத்துக் கிடந்த அறைகளில் நேரம் தேங்கிவிடும். ஆஸ்பத்திரி வராந்தா, கோர்ட் கூடம், ஆபீசர் ரூமுக்கு வெளியே பெஞ்சு போட்ட இடம். லேசாகத் தேங்கியிருந்தால் பெரிய தொந்தரவு இல்லை. ஒரு கையெழுத்துக்காகக் காலையில் உள்ளே போனவர், மத்தியானம் வெளியே வந்து "பொழுது எங்கய்யா போச்சு?" என்று தலையைச் சொறிவார். கொஞ்சம் முற்றினால், மூலை நாற்காலியில் யாரோ இப்போதுதான் எழுந்து போன சூடு இருக்கும். அந்தச் சூடு வாரக்கணக்கில் ஆறாது. இன்னும் முற்றினால், எழுந்து போனவர் திரும்பி வந்து உட்கார்ந்திருப்பார். அவரிடம் பேசக் கூடாது. அந்தக் கட்டத்தில்தான் சித்தியைக் கூப்பிட்டு அனுப்புவார்கள்.

இந்தப் படிப்பு அவளுக்குப் பள்ளிக்கூடத்திலேயே ஆரம்பித்துவிட்டது. வகுப்புக்கு வெளியே நிற்பது அவளுக்குத் தினப்படி. (எங்கள் குடும்பத்தில் அது பரம்பரைச் சொத்து. நானும் அனுபவித்து வருகிறேன்.) அந்தச் சுவரில், காலங்காலமாகப் பிள்ளைகள் தலையைச் சாய்த்துச் சாய்த்து ஒரு கறை படிந்திருக்கும். சித்தி ஒரு நாள் அந்தக் கறைக்குக் கீழே நின்றுகொண்டு, பாவாடைப் பையிலிருந்து ரப்பர் பந்தை எடுத்துக் கீழே போட்டாள். பந்து யோசித்து யோசித்து இறங்கியது.

"வீட்டுக்கு வந்து சொன்னா, நான் நம்பல," என்பாள் என் அம்மா. அம்மா அவளுக்கு அக்கா. "மறுநாள் நானும் வேணும்னே சேட்டை பண்ணிட்டு அவகூடப் போய் வெளிய நின்னேன். அந்தப் பந்து இறங்கினதப் பாத்துட்டு எனக்குக் காய்ச்சல் வந்துடுச்சு. அவளுக்குப் பசி எடுத்துடுச்சு."

கல்லூரியில் காலமந்திரத் துறை தாவரவியலுக்குப் பின்னால், சைக்கிள் ஷெட்டை ஒட்டி இருந்தது. வேறெதிலும் இடம் கிடைக்காதவர்கள்தான் பாதிப்பேர். மந்திரம் என்றதும் ஏதோ புகை வரும் என்று நினைத்து வந்தவர்கள் மீதிப்பேர். புகையெல்லாம் வராது. மந்திரத்தை நான் ஒருமுறை ஒட்டுக் கேட்டிருக்கிறேன். பழைய தமிழ், அவ்வளவாகப் புரியவில்லை. ஆனால் ராகம் நன்றாகத் தெரிந்த ராகம். "எழுந்திரு, எழுந்திரு, நேரமாச்சு" என்று காலையில் அம்மா போர்வையை உருவும் ராகம். அதைச் சொல்லச் சொல்ல, தேங்கியது அசைந்து கொடுத்து ஓட ஆரம்பிக்கும். உட்கார்ந்திருப்பவர்கள் ஒவ்வொருவராக எழுந்து, பையை எடுத்துக்கொண்டு, கலைந்துபோவார்கள்.

கஷ்டம் மந்திரத்தில் இல்லை. திரும்பி வருவதில்தான் இருக்கிறது.

தேங்கிய நேரத்துக்குள் போனவர்களுக்குக் கதவு மறைந்துபோகாது. கதவு அங்கேயேதான் இருக்கும். அது எதற்கு என்பது மறந்துபோகும். அதனால் வெளியே ஒருவர் காத்திருக்க வேண்டும். உள்ளே போகும் முன் யார் கையைத் தொட்டுச் சொல்லிக்கொண்டு போகிறாரோ, அவர் காத்திருப்பதுதான் கணக்கு. அதுதான் கயிறு. அவர் பொறுமையாகக் காத்திருந்தால் கயிறு தொய்ந்துவிடும். தவிக்க வேண்டும், எரிச்சல்பட வேண்டும், "இன்னுமா?" என்று பல்லைக் கடிக்க வேண்டும். அப்போதுதான் உள்ளே இருப்பவருக்கு இழுப்புத் தெரியும்.

துறைத்தலைவராக இருந்த ஒருவர், மனைவி போன பிறகு வேறு ஆள் கிடைக்காமல், நாயை வெளியே கட்டிவிட்டு உள்ளே போனாராம். நாய் முதலில் ஊரைக் கூட்டியிருக்கிறது. அப்புறம் நல்ல நிழல், நல்ல காற்று, படுத்துத் தூங்கிவிட்டது. அந்த அறையைப் பூட்டி வைத்திருக்கிறார்கள். மாணவர்கள் அதைக் கடக்கும்போது "குட் மார்னிங் சார்" சொல்லிவிட்டுத்தான் போவார்கள். உள்ளே இருமல் கேட்கும், பதிலும் வரும். ஆனால் அது போன வருஷத்துப் பிள்ளைகளுக்கான பதில். பெயர் சொல்லித்தான் வரும்.

ஆகவே சித்தி துறைப் பலகையில் ஒரு சீட்டு ஒட்டினாள்: காத்திருக்கத் தெரியாத ஆள் தேவை.

வந்தவர்கள் எல்லோரும் தங்கம். ஒருத்தி நாவல் படித்துக்கொண்டு சந்தோஷமாகக் காத்திருந்தாள். ஒருவன் சித்திமேல் பிரியப்பட்டு, ஆயுசு முழுக்கக் காத்திருக்கத் தயார் என்றான். "நீ வேலைக்கு ஆகமாட்டே," என்று அனுப்பிவிட்டாள்.

அப்போதுதான் கல்லூரியின் உடைந்த மேஜை நாற்காலிகளை ஏலம் விட ஒரு ஆள் வந்தார். ஷெட் சாவி வர நேரமாகிவிட்டது. அவர் தாழ்வாரத்தில் குறுக்கும் நெடுக்குமாக நடந்து, சுவரைத் திட்டி, தன் கைக்கடிகாரத்தையே ஒரு அதட்டு அதட்டினார். சித்தி போய், "ஒரு அஞ்சு நிமிஷம் இங்க நிக்க முடியுமா?" என்றாள்.

"அஞ்சு நிமிஷமா?" என்றார் அவர், கிட்னியைக் கேட்ட மாதிரி.

சித்தி சட்டென்று அவர் கையைத் தொட்டுவிட்டு, பயிற்சிக்காக வைத்திருந்த பழைய குடோனுக்குள் போனாள். வெளியே, "ஹலோ! யாரும்மா நீ? ஒரு தரம்! ரெண்டு தரம்!" என்று ஏலக்குரல் கேட்டிருக்கிறது. உள்ளே பின்னலைப் பிடித்து யாரோ சுண்டி இழுத்த மாதிரி இருந்ததாம். மூணாவது தரத்துக்குள் வேலை முடித்து வெளியே வந்து நின்றாள். துறையில் அந்த வேகத்தை அதுவரை யாரும் பார்த்ததில்லை.

"என்னைக் கல்யாணம் பண்ணிக்கிறீங்களா?" என்று கேட்டாள்.

"எவ்வளவு நேரம் ஆகும்?" என்று கேட்டார் சித்தப்பா.

அப்படி அமைந்த வாழ்க்கை அது. சித்தி உள்ளே, சித்தப்பா வெளியே. ரயில்வே ஓய்வறை, பென்ஷன் ஆபீஸ், பிரசவ வார்டு வராந்தா என்று அவள் போகாத இடம் இல்லை. உள்ளே போய்ப் பந்தைப் போடுவாள். எந்த மூலையில் அது மெதுவாக இறங்குகிறதோ, அங்கே நின்று ஆரம்பிப்பாள். வெளியே சித்தப்பா கத்திக்கொண்டிருப்பார். காவலாளியிடம் சண்டை, பேரன் பேத்தியோடு வந்தவர்களிடம் சண்டை, பூந்தொட்டியிடம் சண்டை. சித்தி வேர்த்து வெளியே வந்ததும், "உனக்கு மனசாட்சி இருக்கா?" என்பார். அவள் சிரித்துக்கொண்டே அவருடைய சட்டைக்கையில் முகத்தைத் துடைத்துக்கொள்வாள்.

உள்ளே போய்ப் போய் அவளிடம் சில விஷயங்கள் ஒட்டிக்கொண்டன. அவள் உட்கார்ந்த பிறகுதான் நிழல் உட்காரும். போனில் பேசும்போது, "ஹலோ" என்று வாய் அசைவதைப் பார்ப்போம். சத்தம் அப்புறம் வரும். சின்ன வயதில் எனக்கு இது நல்ல விளையாட்டு. அவள் நகர்ந்த பின் அவளுடைய நிழலில் போய் நின்றுகொள்வேன். குளிரும். அவள் திரும்பிப் பார்த்து, "அடியே, அதுல நிக்காத," என்பாள். அதட்டமாட்டாள். என்னைவிட அவள்தான் பயந்திருப்பாள்.

நாங்கள் கவனித்தது இதையெல்லாம்தான். கவனிக்க வேண்டியது சித்தப்பாவை.

மனிதரை ஒரு காரியத்தைத் தினமும் செய்ய வைத்தால், அது அவருக்குப் பழகிவிடும் என்பதைக் காலமந்திரத் துறையில் யாருமே யோசிக்கவில்லை. காத்திருந்து காத்திருந்து சித்தப்பாவுக்குக் காத்திருக்க வந்துவிட்டது. முதலில் பிளாஸ்க்கில் காபி கொண்டுபோக ஆரம்பித்தார். அப்புறம் காவலாளியின் குடும்பக் கதை கேட்டார். அப்புறம் குருவிகளுக்குப் பொரி போட்டார். ஏலக்கூடத்தில் அவர் "மூணு தரம்" சொல்வதற்குள் வாங்க வந்தவர்கள் கொட்டாவி விட்டுப் போய்விடுகிறார்கள் என்று பேச்சு வந்தது. சொந்தக்காரர்கள் எல்லோருக்கும் சந்தோஷம். அம்மாவே, "மாப்பிள்ளை தங்கமாயிட்டார்," என்று ஊரெல்லாம் சொன்னாள்.

சித்தி மட்டும் ஒரு நாள் சமையலறையில், "அக்கா, இவருக்கு இப்பல்லாம் கோபமே வர்றதில்ல," என்றாள், காய்ச்சல் விடவில்லை என்று சொல்வது போல.

"நல்லதுதானடி?"

சித்தி பாத்திரம் கழுவினாள். அவள் நகக்கண்களில் சுண்ணாம்பு அடைந்திருந்தது. முந்தின வேலையில் நாலு சுவரையும் தடவித் தடவித்தான் வழி கண்டுபிடித்து வந்திருக்கிறாள். அது எங்களுக்கு அப்புறம்தான் தெரிந்தது.

கடைசி வேலை, மேல்முறையீட்டு அலுவலகம். மனு போட்டவர்களை விசாரணைக்குக் கூப்பிடும்வரை உட்கார வைக்கும் பெரிய கூடம். பெஞ்சுகளில் ஆட்கள் உட்கார்ந்து உட்கார்ந்து மரமே குழிந்திருந்தது. அங்கே மனு கொடுத்துவிட்டு இறந்துபோனவர்கள் டோக்கனைக் கையில் வைத்துக்கொண்டு வந்து உட்காருவதாகப் புகார். சித்தி சித்தப்பாவின் கையைத் தொட்டாள். கொஞ்ச நேரம் விடாமல் தொட்டுக்கொண்டே நின்றாள் என்று காவலாளி பிறகு சொன்னார். "வரேங்க," என்றாள். "மெதுவா வா," என்றார் சித்தப்பா.

அதைக் கேட்டு அவள் முகம் எப்படி இருந்திருக்கும் என்று நான் இப்போதும் யோசிப்பதுண்டு.

மறுநாள் காலையில்தான் அம்மாவுக்கு விஷயம் தெரிந்தது. என்னையும் இழுத்துக்கொண்டு ஓடினாள். சித்தப்பா கூடத்துக்கு வெளியே படியில் உட்கார்ந்து குருவி பார்த்துக்கொண்டிருந்தார்.

"அவ எங்க?"

"உள்ள இருக்கா அண்ணி. வந்துடுவா."

அம்மா கதவைத் தள்ளினாள். பெஞ்சுகள். சித்தியின் கைப்பை. ஆள் இல்லை. கூடத்தின் நடுவில், முழங்கால் உயரத்தில், ரப்பர் பந்து அந்தரத்தில் நின்றது. யாரும் இல்லாத பெஞ்சு ஒன்று, உட்கார்ந்திருப்பவர் நகர்ந்து இடம் கொடுப்பது போல் கிரீச்சிட்டது. அம்மா கதவைச் சாத்திவிட்டாள்.

"அந்தப் பந்து கீழ விழுந்தா அவ வந்துடுவா," என்றார் சித்தப்பா, பஸ் நேரம் சொல்வது போல. "நேத்து தரைக்கிட்ட இருந்துச்சு. இப்பக் கொஞ்சம் மேல போயிருக்கு. அது திரும்ப அவ கைக்கே போய்ச் சேர்ந்துட்டா, அவளும் அங்க உக்காந்திருக்கறவங்கள்ல ஒருத்தியாயிடுவா."

"இதை இவ்வளவு நிதானமா சொல்றீங்களே!"

"எனக்கும் தவிக்கணும்னுதான் இருக்கு அண்ணி. வரமாட்டேங்குது." அவர் கண்ணில் தண்ணீர் நின்றது. ஆனால் அதுவும் நிதானமாகத்தான் நின்றது.

அம்மா அவருக்குக் கோபம் மூட்டப் பார்த்தாள். இந்த வித்தையில் அம்மாவுக்கு நிகர் கிடையாது. அவருடைய தொழிலைத் திட்டினாள். கல்யாணத்தன்று அவர் வீட்டார் நடந்துகொண்டதை எடுத்தாள். மீசையைப் பற்றி, மனித மனம் தாங்காத ஒன்றைச் சொன்னாள். சித்தப்பா எல்லாவற்றுக்கும் தலையாட்டி, "நீங்க சொல்றது நியாயம்தான்," என்றார். அம்மா தரையில் உட்கார்ந்து அழுதுவிட்டாள். "இந்த ஆளோட சண்டைகூடப் போட முடியலையே!"

நடந்து பார்க்கச் சொன்னோம். குறுக்கும் நெடுக்குமாக நடந்தார், சாப்பிட்டபின் உலாவுகிறவர் போல. "ஒரு தரம்" சொல்லச் சொன்னோம். தாலாட்டு மாதிரி சொன்னார். கதவைத் திறந்து பார்த்தேன். பந்து இடுப்பு உயரத்துக்கு வந்துவிட்டது. பொய்த் தவிப்பு எதிர்ப்பக்கமாகத் தள்ளுகிறது போலிருக்கிறது.

இதற்கிடையில் அந்த அலுவலகத்தின் மேலதிகாரி வந்தார். தொப்பைக்கு முன்னால் ஃபைலைப் பிடித்திருப்பவர். "இன்னும் எவ்வளவு நேரம்மா? பொதுமக்களுக்குக் கூடம் வேணும். ஆள் உள்ள மாட்டிக்கிட்டாங்கன்னா ஒரு மனு எழுதிக் குடுங்க. முறைப்படி கூப்பிடுவோம்," என்று அம்மாவிடம் சொல்லிவிட்டு டீ குடிக்கப் போனார்.

எனக்கு எரிந்தது. வேறென்ன செய்வதென்று தெரியவில்லை, அதனால் தெரிந்ததைச் செய்தேன். கூடத்து வாசலில் ஒரு பலகை தொங்கியது: "விசாரணை நடைபெறுகிறது. அழைக்கும்வரை காத்திருக்கவும்." அதைக் கழற்றி எதிரே இருந்த அவருடைய அறைக் கதவில் மாட்டினேன். காவலாளியின் ரேடியோவை உள்ளே மேஜைமேல் வைத்து, யாரோ கனத்த குரலில் சொற்பொழிவு செய்யும் அலைவரிசையில் விட்டுக் கதவைச் சாத்தினேன். அவர் வந்து கத்துவார், அவர் கத்துவதைப் பார்த்தாவது சித்தப்பாவுக்குத் தொற்றிக்கொள்ளாதா என்றுதான்.

அவர் வந்தார். பலகையைப் படித்தார். உள்ளே குரலைக் கேட்டார். கத்தவில்லை. கழுத்துப் பட்டனைப் போட்டுக்கொண்டு, சட்டையை இழுத்துவிட்டு, சுவரோரமாக ஒதுங்கி நின்றார். கொஞ்ச நேரம் கழித்து சித்தப்பாவிடம் குனிந்து ரகசியமாகக் கேட்டார்.

"உள்ள யாரு?"

"அது உங்க ரூம்தானே சார்?"

"ஆமா. ஆனா விசாரணை நடக்குதே."

"யாரை விசாரிக்கறாங்க?"

அவர் நன்றாக யோசித்தார். "என்னையாத்தான் இருக்கணும்," என்றார். பிறகு கவலையாக, "நான் வேற லேட்டாயிட்டேன். உள்ள இருக்கறவர் கோபமா இருக்காரா?"

சித்தப்பாவின் தோள் முதலில் குலுங்கியது. பிறகு வயிறு. வாயைப் பொத்தினார், மூக்கு வழியாக வந்தது. அப்படிச் சிரிப்பவரை நான் பார்த்ததே இல்லை. மூச்சு வாங்க, கண்ணைத் துடைத்துக்கொண்டு, யாரையோ தேடுவது போல் இடப்பக்கம் திரும்பினார். அங்கே யாரும் இல்லை. சிரிப்பு அப்படியே முகத்தில் நின்றது. பாய்ந்து போய்க் கூடத்துக் கதவில் இரண்டு கையாலும் அறைந்தார்.

"ஏய்! வெளிய வா! இந்த ஆளப் பாரு! ஐயோ, இதை நீ பாக்கணும்டி, சீக்கிரம் வா, போயிடப்போறான்! உள்ள என்னதான் பண்ற? வாடீ!"

உள்ளே 'டப்' என்று பந்து தரையில் விழுந்தது. துள்ளித் துள்ளி உருண்டு வந்து கதவில் முட்டியது.

சித்தி வெளியே வந்தாள். முகம் முழுக்கச் சுண்ணாம்பு. அம்மா அவளைக் கட்டிக்கொண்டு முதுகில் நாலு வைத்தாள். சித்தப்பா மூச்சு விடாமல் மேலதிகாரியின் கதையைச் சொன்னார், கதாநாயகர் இன்னமும் சுவரோரம் நின்றுகொண்டிருக்க. சித்தி கேட்டுக்கொண்டே சித்தப்பாவையே பார்த்தாள், முன்பின் பார்த்த முகமா என்று சரிபார்ப்பவள் போல.

மறுநாள் அம்மாவிடம் சொன்னாள். நான் அடுத்த அறையில்தான் இருந்தேன், காதும் என்னோடுதான் இருந்தது.

"உள்ள யாரோ எனக்காகக் காத்துக்கிட்டிருந்தாங்கக்கா."

"யாரு?"

"அவர்தான். குடோன் வாசல்ல பாத்தேனே, அந்த வயசு அவர். அவர்கிட்டருந்து குறைஞ்சுபோன கோபமெல்லாம் எங்கயும் போகல. ஒவ்வொரு அறையா என் பின்னாலயே உள்ள வந்து சேர்ந்திருக்கு. குறுக்க நெடுக்க நடக்கறார், கடிகாரத்தப் பாக்கறார். 'எவ்வளவு நேரம்? வா, போலாம்'னு கையப் பிடிக்கறார். என்ன இழுப்புங்கறே! வெளியில கயிறே இல்ல. கிட்டத்தட்டக் கிளம்பிட்டேன்."

"அப்புறம் ஏண்டி வந்த?"

"உள்ள இருந்தவருக்கு நான் வரணும், அவ்வளவுதான். வந்து என்னன்னு கேட்டேன், சொல்லத் தெரியல." சித்தியின் வாய் மூடிய பிறகு மீதிச் சத்தம் வந்தது. "வெளிய இருக்கறவருக்கு என்கிட்டச் சொல்ல ஏதோ இருந்துச்சு."

அதற்குப்பின் சித்தி எந்த அறைக்குள்ளும் போகவில்லை. போன வாரம் அந்த அலுவலகத்திலிருந்து போன் வந்தது. சித்தப்பா எடுத்தார். எதிர்ப்பக்கம் மேலதிகாரி, குரல் நடுங்கியது எனக்கே கேட்டது. கூடம் சுத்தமாகிவிட்டதாம், டோக்கன்காரர்கள் யாரும் இல்லையாம். ஒரே ஒரு இளைஞன் மட்டும் போகமாட்டேன் என்கிறானாம். குறுக்கும் நெடுக்குமாக நடக்கிறான், "அவளை வரச் சொல்லு" என்று எல்லோரையும் அதட்டுகிறான். அதற்குப் பின்னால், தூரத்தில், யாரோ கத்துவதும் போனில் வந்தது. சித்தப்பா அதைக் கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தார். அவர் முகம் வெளுத்திருந்தது.

"உக்காரவே இல்லையா அவன்?"

இல்லை என்றார்கள்.

"ஒரு நாற்காலி போடுங்க," என்றார். "தண்ணி குடுங்க. அவ வரமாட்டான்னு மட்டும் சொல்லிடாதீங்க."

போனை வைத்தவர் வீடு முழுக்க, கட்டிலுக்கு அடியில்கூடச் சித்தியைத் தேடினார். அவள் மாடியில் துணி எடுத்துக்கொண்டிருந்தாள். படியேறப் பொறுக்காமல் கீழே நின்றே கத்தினார்.

"நாலு துணி எடுக்க இவ்வளவு நேரமா?"